அன்றே ஏன் சொல்லவில்லை?

(ஈப்போவில் தொழிலாளர் குடும்பங்கள் கூடிய ஒரு சந்திப்பில் ஆற்றிய உரை. அன்று இரவு ஷிஃப்ட் இருந்ததால் வர முடியாதவர்களுக்காக எழுத்தில் தரப்படுகிறது.)



இன்று ஒரே ஒரு கேள்வியைப் பற்றித்தான் பேசப்போகிறேன். வேலையிடத்தில் ஒரு பெண்ணுக்குப் பாலியல் தொல்லை நடக்கிறது. பல மாதம் கழித்து அவர் புகார் செய்கிறார். உடனே எல்லோர் வாயிலும் ஒரே கேள்விதான் வருகிறது: "அன்றே ஏன் சொல்லவில்லை?" மேலதிகாரி கேட்கிறார். விசாரணைக் குழு கேட்கிறது. எதிர்த்தரப்பு வக்கீல் கேட்கிறார். கடைசியில் வீட்டுக்காரரும் கேட்கிறார். கேட்பவர் எல்லோருக்கும் மனதுக்குள் பதில் ஏற்கெனவே தயாராக இருக்கிறது. உண்மையாக இருந்தால் அன்றே சொல்லியிருப்பாள், அவ்வளவுதான்.

நான் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் ஒரு ரப்பர்த் தோட்டத்து லயத்தில் பிறந்தவள். இங்கே உட்கார்ந்திருக்கும் பாதிப் பேருக்கு நான் சொல்வது தெரிந்த கதை. விடியுமுன் பெரட்டில் பெயர் கூப்பிடுவார்கள். யாருக்கு எந்த நிரை என்று சொல்வது மண்டோர். அவர் பேசிய பேச்சுக்குச் சிரிக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு போன பெண்ணுக்கு மறுநாள் மேட்டு நிரை கிடைக்கும். பால் குறையும். பால் குறைந்தால் சம்பளம் குறையும். கை மேலே படவே வேண்டாம். நிரையை மாற்றினால் போதும், அந்தப் பெண்ணுக்கும் புரியும், பார்த்துக்கொண்டிருக்கும் மற்ற பெண்களுக்கும் புரியும். இதை யாரிடம் போய்ச் சொல்வது? தோட்டத்தில் ஒரு புகார் போக வேண்டிய பாதை மண்டோர், கிராணி, அதற்கப்புறம்தான் துரை. தொல்லை கொடுத்த ஆளே அந்தப் பாதையின் முதல் படியில் உட்கார்ந்திருந்தார்.

என் அம்மா தோட்டத்தை விட்டு வந்து 20 வருஷத்துக்குப் பிறகுதான் ஒரு பெயரைச் சொன்னார். அந்த ஆள் இறந்துபோன செய்தி வந்த அன்று சொன்னார். அப்பா கேட்ட முதல் வார்த்தை, "ஏன் அப்பவே சொல்லல?" என்பதுதான். என் அப்பா நல்ல மனிதர். அவருக்கும் அந்தக் கேள்விதான் முதலில் வந்தது.

தோட்டங்கள் துண்டாடப்பட்டன. லயங்களை இடித்தார்கள். நம் மக்கள் புந்தோங், சிம்மோர், சுங்கை சிப்புட் பட்டணம் என்று மலிவு வீடுகளுக்கு வந்து சேர்ந்தார்கள். அம்மாக்களும் அக்காக்களும் அரசாங்க மருத்துவமனைகளிலும் பள்ளிகளிலும் அலுவலகங்களிலும் கூட்டிப் பெருக்கும் வேலைக்குப் போனார்கள். மருத்துவமனைத் துப்புரவு வேலை ஒரு காலத்தில் அரசாங்க வேலையாகவே இருந்தது. 1997 முதல் அதைத் தனியார் நிறுவனங்களிடம் கொடுத்தார்கள். அதனால் இன்று கட்டடம் அரசாங்கத்துடையது, சம்பளம் குத்தகைக் கம்பெனியுடையது. மண்டோருக்குப் பதிலாக சூப்பர்வைசர் வந்தார். நிரைக்குப் பதிலாக ஷிஃப்ட் அட்டவணை வந்தது.

நம் நாட்டில் இந்த விஷயத்தில் பெரிய வழக்கு என்றால் அது தாபோங் ஹாஜி வழக்கு. தாபோங் ஹாஜி ஒரு சட்டபூர்வ அமைப்பு. அங்கே மேலாளராக இருந்த ஒரு பெண், தன் மேலதிகாரி தொடர்ந்து ஆபாசமாகப் பேசி வந்தார் என்று 2009இல் புகார் செய்தார். உள் விசாரணை நடந்தது. ஒழுங்கு நடவடிக்கை எடுக்கப் போதிய ஆதாரம் இல்லை என்று முடிவானது. ஆனாலும் அந்த அதிகாரிக்குக் கண்டிப்பான எச்சரிக்கை கொடுத்தார்கள். பிறகு அவருடைய ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. அவர் சும்மா இருக்கவில்லை. தன் பெயர் கெட்டுவிட்டது என்று அந்தப் பெண்ணின் மேலேயே வழக்குப் போட்டார். அந்தப் பெண்ணும் எதிர்வழக்குத் தொடுத்தார். உயர் நீதிமன்றம் பெண்ணின் பக்கம் தீர்ப்புச் சொல்லி, மொத்தம் 1 லட்சத்து 20 ஆயிரம் வெள்ளி இழப்பீடு கொடுக்கச் சொன்னது. மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 2016 ஜூன் 2ஆம் தேதி கூட்டரசு நீதிமன்றமும் உறுதி செய்தது. பாலியல் தொல்லைக்காகவே ஒருவர் நேரடியாக சிவில் வழக்குப் போடலாம் என்ற உரிமை நம் நாட்டில் அன்றுதான் பிறந்தது.

இதில் 2 விஷயத்தைக் கவனியுங்கள். அந்த வழக்கில் தொல்லை வெறும் வார்த்தைதான். வார்த்தை போதும் என்று நாட்டின் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. அடுத்தது கணக்கு. 2009இல் செய்த புகாருக்கு 2016இல்தான் முடிவு கிடைத்தது. 7 வருஷம்! இலாகா தாமதம் செய்யலாம், நீதிமன்றம் தாமதம் செய்யலாம், யாரும் கேள்வி கேட்பதில்லை. கூலிக்காரப் பெண் 6 மாதம் தாமதித்தால் மட்டும் பொய் சொல்கிறாள் என்கிறார்கள்.

இந்தியாவில் என்ன நடந்தது என்பதையும் கேளுங்கள், ஏனென்றால் நம் பக்கத்து வீட்டு வக்கீல் தம்பிகள் அடிக்கடி அதைத்தான் உதாரணம் காட்டுகிறார்கள். ராஜஸ்தான் மாநிலத்தில் பன்வாரி தேவி என்று ஒரு அம்மா. குயவர் சாதியில் பிறந்தவர். அரசாங்கத் திட்டத்தில் சொற்ப ஊதியத்துக்குக் கிராமப் பணியாளராக இருந்தார். குழந்தைத் திருமணத்தைத் தடுக்கப் போனதற்காக 1992இல் கூட்டுப் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார். அவர் உடனே சொன்னார். ஆனால் மருத்துவப் பரிசோதனை நடக்கவே இரண்டு நாளுக்கு மேல் ஆனது. அந்தத் தாமதம் யாருடையது? 1995இல் கீழ் நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவர்களை விடுதலை செய்தது. அந்தக் கொடுமையைப் பார்த்துப் பெண்கள் அமைப்புகள் தொடுத்த விசாகா வழக்கில்தான் 1997இல் இந்திய உச்ச நீதிமன்றம் வேலையிடப் பாலியல் தொல்லைக்கு விதிமுறை வகுத்தது. அதுவே 2013இல் சட்டமானது.

ஒரு ஏழைக் கிராமத்துப் பெண்ணின் கண்ணீரில் பிறந்த அந்தச் சட்டத்தில் ஒரு கதவையும் வைத்தார்கள். கடைசிச் சம்பவம் நடந்து 3 மாதத்துக்குள் புகார் கொடுக்க வேண்டும், காரணம் காட்டினால் இன்னும் 3 மாதம். அதோடு கதவு மூடிவிடும். கொல்கத்தாவில் ஒரு சட்டப் பல்கலைக்கழகம். அங்கே ஆசிரியராக இருந்த ஒரு பெண் துணைவேந்தர் மேல் 2023 டிசம்பரில் புகார் கொடுத்தார். கடைசிச் சம்பவம் அதே ஆண்டு ஏப்ரலில் நடந்தது என்று கணக்கிட்டார்கள். இல்லை, ஆகஸ்டில் என்னைப் பொறுப்பிலிருந்து நீக்கினார்களே, அதுவும் அதன் தொடர்ச்சிதான் என்று அவர் வாதாடினார். 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த நீக்கம் நிர்வாக நடவடிக்கை என்று சொல்லி, புகார் காலம் கடந்தது என்று முடித்துவிட்டது. நம் தோட்டத்து அம்மாக்கள் யாரையாவது கூப்பிட்டு, மேட்டு நிரை நிர்வாக நடவடிக்கையா என்று கேட்டிருந்தால் நல்ல பதில் கிடைத்திருக்கும்.

ஆனாலும் நீதிபதிகளுக்கு மனம் உறுத்தியிருக்க வேண்டும். இந்தத் தீர்ப்பை அந்தத் துணைவேந்தரின் சுயவிவரக் குறிப்பில் சேர்க்க வேண்டும் என்று உத்தரவிட்டார்கள். பலர் கைதட்டினார்கள். எனக்குக் கைதட்டத் தோன்றவில்லை. அந்தப் பெண்ணின் புகாரை யாரும் விசாரிக்கவே இல்லை. அந்த மனிதருக்கும் விசாரணை இல்லாமலே ஒரு முத்திரை. உள்ளே கூப்பிட்டு இரண்டு பேரையும் கேட்டிருந்தால் ஏதாவது ஒரு உண்மை வெளியே வந்திருக்கும்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். நன்றாகக் கேளுங்கள், தனியார் வேலையில் இருக்கும் தொழிலாளிக்கு 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தில் அப்படி ஒரு கதவு கிடையாது. 2012இல் அந்தச் சட்டத்தில் பாலியல் தொல்லை பற்றிய பகுதியைச் சேர்த்தார்கள். சம்பளம் எவ்வளவு என்றாலும் இந்தப் பகுதி பொருந்தும். புகாரை விசாரிக்க முதலாளி மறுக்கலாம், ஆனால் சட்டம் சொல்லும் காரணத்துக்காக மட்டும்தான். ஏற்கெனவே விசாரித்து நிரூபணம் ஆகாத புகாராக இருக்க வேண்டும். அல்லது அற்பமானது, தொல்லைப்படுத்துவதற்காகக் கொடுத்தது, நல்லெண்ணம் இல்லாதது என்று அவர் கருத வேண்டும். அந்த வரிசையில் "லேட்டாக வந்த புகார்" என்று ஒரு வார்த்தைகூட இல்லை. மறுக்கிறார் என்றால் 30 நாளுக்குள் காரணத்தை எழுத்தில் கொடுத்தாக வேண்டும். அந்தக் காரணம் சரியில்லை என்று பட்டால் தொழிலாளர் இலாகாவுக்குப் போகலாம். கடமையைச் செய்யாத முதலாளிக்கு 2023 ஜனவரி 1 முதல் 50,000 வெள்ளி வரை அபராதம். ஆகவே கம்பெனி ஆபீசில் "இவ்வளவு நாள் கழித்து வந்தால் எடுக்க மாட்டோம்" என்று யாராவது சொன்னால், சத்தம் போடாதீர்கள், அழாதீர்கள். "அதைக் கொஞ்சம் எழுதிக் கொடுங்கள்" என்று மட்டும் கேளுங்கள்.

அரசாங்க ஊழியர்களுக்கு அந்தச் சட்டம் கிடையாது. அவர்களுக்கு 1993ஆம் ஆண்டு நடத்தை, ஒழுங்கு விதிகள் உண்டு. அதில் 2002இல் பாலியல் தொல்லைக்குத் தடை சேர்ந்தது. புகாரை எப்படிக் கையாள வேண்டும் என்று 2005இல் பொதுச் சேவைத் துறை சுற்றறிக்கையும் விட்டது. இலாகாவின் முடிவு முறையாக எடுக்கப்படவில்லை என்றால் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு கேட்கலாம். நம் ஊர்க்காரர்களுக்கு அது ரயில்வே ஸ்டேஷன் பக்கம் இருக்கும் ஈப்போ நீதிமன்றம்தான். முடிவு கைக்கு வந்ததிலிருந்து 3 மாதத்துக்குள் போக வேண்டும். தவறினால் நல்ல காரணம் காட்டி அவகாசம் கேட்க வேண்டும், கிடைக்கும் என்று உறுதி இல்லை.

சீராய்வு என்றால் பலர் தப்பாகப் புரிந்துகொள்கிறார்கள். யார் சொல்வது உண்மை என்று முதலிலிருந்து விசாரிக்கும் வழக்கு அது இல்லை. இலாகா இந்த முடிவை ஒழுங்கான முறையில் எடுத்ததா, பார்க்க வேண்டியதைப் பார்த்ததா என்றுதான் நீதிபதி பார்ப்பார். எதை வைத்துப் பார்ப்பார்? பெரும்பாலும் இலாகாவின் ஃபைலை வைத்து. அந்த ஃபைலில் நீங்கள் ஏன் தாமதித்தீர்கள் என்ற காரணம் இல்லாவிட்டால், நீதிமன்றத்தில் நின்று புதிதாகச் சொல்வது சுலபமில்லை. ஆகவே தாமதத்துக்கான காரணம் முதல் புகாரிலேயே இருக்க வேண்டும். என்ன நடந்தது, எந்தத் தேதி, எந்த இடம், என்ன வார்த்தை என்று எழுதிவிட்டு, அடுத்த பத்தியிலேயே "இத்தனை நாள் நான் சொல்லாததற்குக் காரணம் இது" என்று எழுதுங்கள். ஒப்பந்தம் முடியும் நேரம், ஷிஃப்ட் அட்டவணை அவர் கையில், எனக்கு முன்னால் சொன்ன பெண்ணை வேறு இடத்துக்கு மாற்றினார்கள், வீட்டில் தெரிந்தால் வேலையை விடச் சொல்வார்கள் என்று பயந்தேன். உள்ளதை உள்ளபடி எழுதுங்கள். இதை எழுத வெட்கப்படத் தேவையில்லை.

வேறு கணக்குகளும் ஓடிக்கொண்டிருக்கின்றன. தொல்லை தாங்காமல் தனியார் வேலையை விட்டு விலகியவர், அது வேலை நீக்கத்துக்குச் சமம் என்று வாதாட நினைத்தால் 60 நாளுக்குள் தொழிலியல் உறவு இலாகாவில் மனுக் கொடுக்க வேண்டும். இதில் இரக்கம் கிடையாது, 61ஆம் நாள் போனால் வாசல் மூடிவிடும். அரசாங்கத்தின் மேல் வழக்குப் போட 36 மாதம், அது 1948ஆம் ஆண்டுச் சட்டம். தொல்லை கொடுத்த தனி ஆள் மேல் சாதாரண சிவில் வழக்கு என்றால் 6 வருஷம். போலீஸ் புகாருக்குக் காலக்கெடு இல்லை. 2022இல் பாலியல் தொல்லைத் தடுப்புச் சட்டம் தனியாக வந்தது. அதன் கீழ் ஒரு நடுவர் மன்றம் 2024 மார்ச் 8 முதல் இயங்குகிறது. வக்கீல் இல்லாமலே போகலாம், மூடிய அறையில் விசாரிப்பார்கள், 2 லட்சத்து 50 ஆயிரம் வெள்ளி வரை இழப்பீடு கொடுக்கச் சொல்ல முடியும்.

சரி, அரசாங்கக் கட்டடத்தில் குத்தகைக் கம்பெனிக்கு வேலை செய்யும் அக்காவின் கதை என்ன? தொல்லை கொடுப்பவர் அவர்களுடைய சொந்த சூப்பர்வைசர் என்றால் வேலைச் சட்டம் இருக்கிறது. ஆனால் தொல்லை கொடுப்பவர் அங்கே வேலை செய்யும் அரசாங்க அதிகாரி என்றால்? வேலைச் சட்டத்தில் புகார் என்பது தொழிலாளிக்கும் தொழிலாளிக்கும் நடுவில், தொழிலாளிக்கும் முதலாளிக்கும் நடுவில் மட்டும்தான். அந்த அதிகாரி இவருக்கு முதலாளியும் இல்லை, கம்பெனித் தொழிலாளியும் இல்லை. கம்பெனியில் கேட்டால் "அங்கே போ" என்பார்கள், இலாகாவில் கேட்டால் "நீ எங்கள் ஊழியர் இல்லையே" என்பார்கள். இப்படி அலைவதிலேயே 3 மாதம் ஓடிவிடும். கடைசியில் இவர்தான் தாமதித்தார் என்று எழுதுவார்கள். இந்த நிலையில் இருப்பவர்கள் இலாகாத் தலைவருக்கே நேரடியாக எழுதி, நகலில் பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். அத்துடன் அந்த நடுவர் மன்றத்தையும் மனதில் வையுங்கள்.

வாய் திறந்தால் என்ன ஆகும் என்ற பயம் வெறும் கற்பனை இல்லை. ஈப்போ ராஜா பெர்மைசூரி பைனுன் மருத்துவமனைக்கு வெளியே துப்புரவுத் தொழிலாளர்களின் சங்க உரிமைக்காக மறியல் செய்த 5 பேரை 2020இல் போலீஸ் கைது செய்தது. தேதி ஜூன் 2. கூட்டரசு நீதிமன்றத் தீர்ப்பு வந்து சரியாக 4 வருஷம்! அது பாலியல் தொல்லைப் புகார் இல்லைதான், சங்கப் பிரச்சினை. ஆனால் அதைப் பார்த்துக்கொண்டே உள்ளே தரை துடைத்த பெண்களுக்கு அந்த வேறுபாடு பெரிதாகத் தெரிந்திருக்குமா?

எனக்குத் தெரிந்த ஒரு அக்கா. ஊர் பெயரும் வேண்டாம், கம்பெனி பெயரும் வேண்டாம். சூப்பர்வைசர் 11 மாதம் வாயால் தொல்லை கொடுத்தார். நடுவில் குத்தகை வேறு கம்பெனிக்கு மாறியது. அதே சூப்பர்வைசர் புதுக் கம்பெனியிலும் தொடர்ந்தார். புதுப் பட்டியலில் யார் பெயர் இருக்கும் என்பது தன் கையில் இருப்பதாக அவர் சொல்லிக்கொண்டு திரிந்தார். மகன் பாலிடெக்னிக்கில் படிக்கிறான், மோட்டார் சைக்கிள் கடன் இருக்கிறது. அந்த அக்கா எப்படி அன்றே சொல்வார்? ஆனால் அவர் ஒன்று செய்தார். வீட்டில் மாட்டியிருந்த நாள்காட்டியில் தினமும் கிழிக்கும் தாளை எறியாமல், தொல்லை நடந்த நாளில் மட்டும் அதன் பின்பக்கம் அவன் சொன்ன வார்த்தையைத் தமிழில் எழுதி வைத்தார். 40க்கும் மேற்பட்ட தாள்கள் சேர்ந்துவிட்டன.

புகார் எழுதும் நேரத்தில்தான் வேறு ஒரு சிக்கல். மலாயில் எழுத மகளுக்குத் தெரியும். ஆனால் அந்த வார்த்தைகளை மகளிடம் எப்படிச் சொல்வது? இரண்டு வாரம் அதிலேயே போனது. தாமதம் என்று நாம் பேசுகிறோமே, அதில் இதுவும் சேர்த்தி. வீட்டுப் பிள்ளைகளிடம் சொல்லக் கூசினால் ஈப்போவில் பேராக் பெண்கள் அமைப்பு இருக்கிறது, வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையம் இருக்கிறது, 15999 என்ற எண் இருக்கிறது. வேறு பெண்களிடம் சொல்வது சில சமயம் சுலபம்.

ஆண்களே, உங்களிடமும் கொஞ்சம் பேச வேண்டும். உங்கள் மனைவி ஏன் உங்களிடம் சொல்லவில்லை தெரியுமா? நீங்கள் பாராங்கை எடுத்துக்கொண்டு கேட்டுக்குப் போய் நிற்பீர்கள் என்று பயம். அல்லது "நாளையிலிருந்து வேலைக்குப் போகாதே" என்பீர்கள் என்று பயம். இரண்டுமே உங்களுக்கு ரோஷமாகத் தெரியும். அவருக்கு இரண்டும் வாய்ப்பூட்டு. அவர் சொல்லும்போது குறுக்கே பேசாமல் கேளுங்கள். கேட்டு முடித்ததும் முதல் கேள்வியாக "அன்றே ஏன் சொல்லல?" என்று மட்டும் கேட்காதீர்கள். தேதியைக் கேளுங்கள், யார் பக்கத்தில் இருந்தார்கள் என்று கேளுங்கள், எழுதிக்கொள்ளுங்கள்.

அந்த அக்கா விசாரணைக்குப் போனார். "பழைய கம்பெனி காலத்தில் நடந்தது எங்களுக்குச் சம்பந்தமில்லை" என்று முதலில் சொன்னார்கள். புதுக் கம்பெனி வந்த பிறகு எழுதிய தாள்களை மேசை மேல் பிரித்து வைத்தார். பிறகுதான் விசாரித்தார்கள். சூப்பர்வைசரை வேறு இடத்துக்கு மாற்றினார்கள், அவ்வளவுதான் செய்தார்கள். நான் கேட்டது இது இல்லை என்று அந்த அக்கா இன்றும் சொல்கிறார். அவன் போன இடத்திலும் பெண்கள் வேலை செய்கிறார்களே என்கிறார்.

போன மாதம் அவர் வீட்டுக்குப் போயிருந்தேன். அந்தத் தாள்கள் இன்னும் ஒரு பிஸ்கட் டின்னில் இருக்கின்றன. விசாரணை முடிந்துவிட்டதே, ஏன் வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டேன். "6 வருஷம் ஆகட்டும்" என்றார்.